கையில்லாதவர்களின் ஊர்

அப்பா அம்மாவை அடிக்கத் தொடங்கியதும் நான் கரிமூட்டத்துக்குப் போய்விடுவேன். பயந்து ஓடினேன் என்று சொல்ல மாட்டேன். எனக்கு அங்கே வேலை இருந்தது.

எங்கள் வீடு ஊரை விட்டுத் தள்ளி, எங்கள் சொந்தக் காட்டுக்குள்ளேயே இருந்தது. திருச்சுழிப் பக்கம் வானம் பார்த்த நிலத்தைக் காடு என்றுதான் சொல்வோம். ஒரு காலத்தில் அங்கே பருத்தியும் சோளமும் விளைந்ததாம். எனக்கு விவரம் தெரிந்தபோது கிணற்றில் தண்ணீர் இல்லை, காடு முழுக்கச் சீமைக்கருவைதான் நின்றது. அப்பா அதை வெட்டி மூட்டம் போட்டுக் கரியாக்கினார். லாரிக்காரர்கள் வந்து ஏற்றிக்கொண்டு பந்தல்குடி வழியாகத் தூத்துக்குடி ரோட்டில் போவார்கள். அப்பாவை ஊரில் எல்லாரும் சம்சாரி என்றுதான் கூப்பிடுவார்கள். நிலம் வைத்துப் பயிர் செய்கிறவர்களுக்கு அந்தப் பெயர். லாரிக்காரன் மட்டும் அதை இழுத்துச் சொல்வான். “என்ன சம்சாரீ, இந்த வருசம் கரி நல்ல வெளச்சலா?” அன்றைக்கு அம்மாவுக்கு அடி நிச்சயம்.

மூட்டத்தைப் பார்க்காதவர்களுக்குச் சொல்கிறேன். கட்டைகளை நெருக்கி நிறுத்தி, மேலே தழையும் வைக்கோலும் பரப்பி, அதன்மேல் ஈரமண் பூசி மெழுகுவார்கள். தூரத்தில் இருந்து பார்த்தால் யானை படுத்திருப்பது போலத் தெரியும். உச்சியில் நெருப்புப் போட்டதும் உள்ளே கனியத் தொடங்கும். நெருப்பு இருக்க வேண்டும், ஆனால் எரியக் கூடாது. வேலையின் சூட்சுமமே அதுதான். காற்றுப் படாமல் வெந்த மரம் கரியாகும். காற்றுப் புகுந்துவிட்டால் கரி மிஞ்சாது, சாம்பல்தான் மிஞ்சும். அதனால் நாள் முழுக்க யாராவது சுற்றிவர வேண்டும். மண் வெடித்துப் புகை பீறும் இடத்தைக் கண்டுபிடித்துச் சேறு அப்ப வேண்டும். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் அது என் வேலை.

வீட்டுக்குள் முதல் பாத்திரம் உருளும் சத்தம் கேட்டதும் நான் சேற்றுச் சட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவேன்.

மூட்டத்துக்குள் ஒரு ஊர் இருந்தது. கரியூர் என்று பெயர் வைத்திருந்தேன். அங்கே தெருக்கள் உண்டு, டியூப் லைட் உண்டு. அருப்புக்கோட்டை பஸ் ஸ்டாண்டில் நான் பார்த்த மாதிரியே பரோட்டாக் கடைகூட உண்டு. அந்த ஊர்க்காரர்களில் ஒருவருக்கும் கை கிடையாது. தோளோடு முடிந்திருக்கும். தட்டில் குனிந்து ஆடுமாதிரி சாப்பிடுவார்கள். கதவைத் தலையால் முட்டித் திறப்பார்கள். பிள்ளைகளைக் கொஞ்ச வேண்டும் என்றால் கன்னத்தோடு கன்னம் வைத்து உரசுவார்கள்.

கையில்லாத ஊரை ஏன் உண்டாக்கினேன் என்று கேட்டால், என்னால் சரியாகச் சொல்ல முடியும். அப்பாவின் உள்ளங்கையில் எந்நேரமும் கரி இருக்கும். சோப்புப் போட்டாலும் ரேகைக்குள் நிற்கும். அவர் அடித்துவிட்டுப் போனதும் அம்மாவின் ஜாக்கெட் முதுகில் கை அப்படியே பதிந்திருக்கும், பெருவிரல் எது சுண்டுவிரல் எது என்று தெரியும்படி. கன்னத்திலும் இருக்கும், தொண்டையிலும் இருக்கும். மற்ற வீடுகளில் அடி விழுந்த இடம் மறுநாள் வீங்கினால்தான் தெரியும். எங்கள் வீட்டில் உடனே தெரிந்துவிடும். அம்மா தொட்டியடியில் உட்கார்ந்து தேங்காய்நார் போட்டுத் தேய்த்துக் கழுவும்போது நான் முதுகுக்குத் தண்ணீர் ஊற்றுவேன். அந்தக் கைகளை அவ்வளவு பக்கத்தில் பார்த்த பிள்ளை வேறு எப்படி ஒரு ஊரைக் கட்டும்?

ஐந்தாம் வகுப்பில் டீச்சர் உங்கள் ஊரை வரையுங்கள் என்றார். நான் கரியூரை வரைந்தேன்.

“ஏம்மா, ஆளுகளுக்குக் கை எங்க?”

“அந்த ஊர்ல கை கெடையாது டீச்சர்.”

பின் பெஞ்சில் இருந்து ஒரு பயல் கத்தினான். “அப்ப வெளிக்கிப் போனா எப்படிக் கழுவுவாக?” வகுப்பே சிரித்தது. நான் அசரவில்லை. “ஆத்துல போய் உக்காந்துக்குவாக” என்றேன். டீச்சரும் சிரித்துவிட்டார். ஆனால் நோட்டைத் திருப்பித் தரும்போது என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். கேட்டிருந்தாலும் நான் சொல்லியிருக்க மாட்டேன். எங்கள் குடும்பத்தில் ஐந்தாம் வகுப்பு வரை வந்த முதல் ஆள் நான். அழுத பிள்ளையாக அங்கே நிற்க எனக்கு இஷ்டமில்லை.

அம்மா பேசாமல் அடி வாங்குகிறவள் இல்லை. அடி விழ விழ அவள் குரல் ஏறும். மூட்டத்தடியில் இருந்தே எனக்கு ஒவ்வொரு சொல்லும் கேட்கும்.

“அடிங்க! நல்லா அடிங்க! காட்டுல வெளையாத வீரம் என் முதுகுலயாவது வெளையட்டும்!”

“வாய மூடுடி!”

“மூடுனா கைய நிறுத்திருவீகளா?”

“மூடுடின்னா!”

“லாரிக்காரன்ட்ட மூடிக்கிட்டு வந்தீகள்ல, அது போதாதா? நானும் மூடணுமா?”

அடுத்த அடி அதற்குத்தான் என்று எனக்குத் தெரியும். அவளுக்கும் தெரியும். ஆனாலும் சொல்வாள்.

பக்கத்துக் காட்டில் பெரியம்மா வீடு. அப்பாவின் அண்ணன் மனைவி. சத்தம் ஓய்ந்த பிறகு மெதுவாக வருவார்.

“ஏன்டி, கொஞ்சம் வாய அடக்குனாத்தான் என்ன? நாங்கள்லாம் அடி வாங்காமலா பொழச்சோம்?”

“வாங்கி என்னத்தக்கா கண்டீக? முன்பல்லு போனதுதான் மிச்சம்.”

பெரியம்மா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு, “போடி இவளே” என்று சிரிப்பார். அம்மாவும் சிரிப்பாள். உதடு கிழிந்திருப்பது அப்போதுதான் அவளுக்கு ஞாபகம் வரும்.

நானும் ஒருமுறை கெஞ்சினேன். “ம்மா, நீ பேசாம இரேன். பேசாம இருந்தா கொஞ்சமா அடிப்பாருல்ல.”

முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தவள் திரும்பாமலே சொன்னாள். “நான் பேசாம இருந்தா செத்துட்டேன்னு நெனச்சுக்க.”

கோபத்தில் சொன்னதுதான். ஆனால் நான் அதை அப்படியே எடுத்துக்கொண்டேன். அதற்குப் பிறகு கரியூர்க் கதை எதுவரை போனாலும் ஒரு காது வீட்டுப் பக்கமே இருக்கும். அம்மாவின் குரல் கேட்கிறவரை அம்மா இருக்கிறாள். நான் நிம்மதியாகச் சேறு பூசிக்கொண்டே கையில்லாதவர்களுக்குக் கல்யாணம் பண்ணி வைக்கலாம், தேர் இழுக்கவைக்கலாம். தேர் வடத்தைப் பல்லால் கடித்து இழுப்பார்கள்.

அது ஒரு சனிக்கிழமை மதியம். கோடை. அப்பா கடையில் குடித்துவிட்டு வெயிலோடு வந்தார். கரியில் மண் கலந்திருக்கிறது என்று சொல்லி லாரிக்காரன் மூட்டைகளை நடுரோட்டில் அவிழ்த்துக் கொட்டிக் காட்டியிருக்கிறான். நாலு பேர் பார்த்துச் சிரித்திருக்கிறார்கள். இதெல்லாம் எனக்கு அடிக்கு நடுவே கேட்டுத் தெரிந்தது. மூட்டம் அன்றைக்குப் பாதி வெந்திருந்தது. தொட்டால் சுடும். நான் நிழல் பக்கம் உட்கார்ந்து சேறு குழைத்தேன்.

“மண்ண நீதான கலந்த? என்ன அசிங்கப்படுத்தணும்னே கலந்தியாடி?”

“ஆமா, எனக்கு வேற வேல இல்ல. மண்ணத் தின்னுட்டுப் போங்க!”

அதற்குப் பிறகு ஒரு சத்தம். கையால் அடித்த சத்தம் இல்லை. மரம் எதன்மீதோ விழுந்த சத்தம். அம்மா ஒரு பாதிச் சொல் சொன்னாள். பிறகு சொல் வரவில்லை.

நான் காத்திருந்தேன். அடிக்கிற சத்தம் மட்டும் வந்துகொண்டே இருந்தது. பதில் இல்லாமல், இடைவெளி இல்லாமல், மூட்டை தட்டுகிறமாதிரி. அப்பா ஏதோ முனகினார். அம்மா பேசவில்லை.

வெந்து முடிந்த மூட்டத்தைப் பிரிப்பதற்கு வைத்திருந்த கடப்பாறை வேப்பமரத்தில் சாய்ந்திருந்தது. அது என்னைவிட உயரம். எப்படித் தூக்கினேன் என்று தெரியாது. கரியூர்க்காரர்களைக் கூப்பிடத்தான் தூக்கினேன். அவர்களுக்குக் கை இல்லைதான், ஆனால் தலை இருக்கிறது, ஆட்டுக்கிடாய்மாதிரி கூட்டமாக வந்து முட்டுவார்கள் என்று நம்பினேன். பத்து வயதில் அதை முழுக்க நம்பினேன். “வெளிய வாங்க! வெளிய வாங்க!” என்று கத்திக்கொண்டே குத்தினேன். பூசிய மண் ஓடாகக் காய்ந்திருந்தது. முதலில் வழுக்கியது. பிறகு பொத்துக்கொண்டது. பக்கத்தில் இன்னொரு குத்து. இன்னொன்று. வெள்ளைப் புகை மஞ்சளாக மாறிச் சீறியது. பிறகு ஓட்டைக்குள் காற்று இழுபடும் சத்தம் கேட்டது, யாரோ நீளமாக மூச்சு எடுப்பதுபோல. அப்புறம் தீ வந்தது.

ஆட்கள் யாரும் வரவில்லை. தீ மட்டும்தான் வந்தது. என் முன்முடியும் புருவமும் கருகின.

பின்னாளில் பத்தாம் வகுப்பில் எரிதலுக்கு ஆக்சிஜன் வேண்டும் என்று நடத்தினார்கள். இன்றைக்கு நானே வேதியியல் நடத்துகிறேன். அந்தப் பாடம் வரும்போதெல்லாம் எனக்கு ஒரு திமிர் வரும். நான் அதைப் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொண்டவள் இல்லை.

அப்பா வாசலுக்கு வந்தார். “ஏய்! மூட்டம்! மூட்டம் போச்சே!” என்று அலறிக்கொண்டு ஓடிவந்தார். என்னைப் பார்த்தாரா என்றுகூடத் தெரியவில்லை. அங்கே பிறந்த சின்னப் பிள்ளைக்கும் ஒரு விஷயம் தெரியும். வாய் திறந்த மூட்டத்தில் தண்ணீர் ஊற்றக் கூடாது. மண்தான் போட வேண்டும், சேறுதான் அப்ப வேண்டும். போதையும் பதற்றமும் சேர்ந்து அப்பாவுக்கு அது மறந்துபோனது. குடத்துத் தண்ணீரை ஓட்டைக்குள் அப்படியே சாய்த்தார்.

வெடிபோட்டமாதிரி சத்தம். ஆவியும் கங்கும் கொதிக்கிற மண்ணும் ஒன்றாகப் பீறிட்டு அவர்மேல் அடித்தன. முகத்தை மறைக்கக் கைகளைத் தூக்கினார். இரண்டு கையும் முழங்கைவரை வெந்துபோயின. தோல் கழன்று தொங்கியதை நான் பார்த்தேன். அவர் கத்திய கத்து இன்றும் எனக்குத் தெளிவாகக் கேட்கும். அதைக் கேட்டு எனக்கு அழுகை வரவில்லை.

அப்போதுதான் அம்மா வந்தாள். சுவரைப் பிடித்துக்கொண்டு, ஒரு கண்ணை ரத்தம் மூடியிருக்க, அடி அடியாக நகர்ந்து வந்தாள். நான் ஓடிப்போய்க் கட்டிக்கொண்டேன். அவள் என்னைத் தள்ளிவிட்டாள்.

“சேறு கொண்டாடி!”

எனக்குப் புரியவில்லை.

“வெறிச்சுப் பாத்துக்கிட்டு நிக்கிற! மூட்டம் எரியுதுடி! சேறு கொண்டா!”

நானும் அவளும் சேறு அள்ளி அப்பினோம். அவள் தலையில் இருந்து ரத்தம் சொட்டிச் சேற்றில் விழுந்தது. அதையும் சேர்த்தே குழைத்து அப்பினாள். அப்பா வேப்பமரத்தடியில் கைகளைத் தூக்கிப் பிடித்தபடி புரண்டுகொண்டிருந்தார். பாதி மூட்டம் சாம்பலாகிப் போனது. மீதியைக் காப்பாற்றினோம். எங்களுக்குச் சோறு போடுவது அது என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. எனக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான்.

“எவ… எவ தோண்டுனது?” என்று அப்பா முனகினார்.

அம்மா கீழே கிடந்த கடப்பாறையைப் பார்த்தாள். என் கருகிய புருவத்தைப் பார்த்தாள். கடப்பாறையைக் காலால் தள்ளி விறகுக்கு அடியில் விட்டாள். “தோண்டுனாகளாம்ல. தானா வெடிச்சது. மண்ண ஒழுங்காப் பூசியிருந்தா வெடிக்குமா? நீங்க பூசுனதுதான?”

அவள் பழையபடி எதிர்த்துப் பேசியதும்தான் நான் சேற்றுச் சட்டியைக் கீழே வைத்தேன்.

பெரியப்பா வண்டி பிடித்து இருவரையும் அருப்புக்கோட்டை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். அம்மாவுக்குத் தலையில் தையல். கீழே விழுந்ததாகச் சொன்னாள். அப்பா கொஞ்ச நாள் படுக்கையில் இருந்து, இரண்டு கையிலும் மொத்தமாக வெள்ளைக் கட்டோடு திரும்பி வந்தார். விரல்கள் எல்லாம் உள்ளே. முழங்கைக்குக் கீழே இரண்டு பஞ்சு உருண்டைகள்.

கரியூரில் இருந்து ஒரு ஆள் எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டார் என்றுதான் நான் நினைத்தேன்.

அந்த நாட்களின் சந்தோஷத்தை மறைக்க எனக்கு ஒரு காரணமும் இல்லை. அப்பா கதவைத் தலையால் முட்டித் திறந்தார். மூக்கு அரித்தால் தூணில் தேய்த்தார். அம்மா அவருக்கு வேட்டி கட்டிவிட்டாள், பல் விளக்கிவிட்டாள், சோறு ஊட்டினாள். ஊட்டும்போதும் வாய் ஓயாது. “ஆ காட்டுங்க. பெரிய ஆவா காட்டுங்க. கடிச்சுப்புடாதீக, இருக்கிற கை எனதுதான்.” அப்பா முறைப்பார், ஆனால் வாயைத் திறப்பார். ஒருநாள் அவள் தண்ணீருக்குப் போய்த் திரும்ப நேரமாகிவிட்டது. பசி பொறுக்காமல் தட்டில் குனிந்து வாயால் சாப்பிட்டார். நான் எதிரில் நின்று பார்த்தேன். நான் வரைந்த படம் அப்படியே அசைந்தது. மூக்கில் பருக்கையோடு நிமிர்ந்தவர், “என்ன தாயி பாக்குற?” என்றார். அவ்வளவு மெதுவாக அவர் என்னிடம் பேசியது இல்லை. நான் பாவாடை நுனியால் மூக்கைத் துடைத்துவிட்டேன். “நல்லாப் படி. எங்கள மாதிரி கரி அள்ளாத” என்றார்.

கை போனால் மனுஷன் நல்லவனாகிவிடுவான் என்று நான் நினைத்தது சரிதான் என்று முடிவே செய்துவிட்டேன்.

கட்டு மாற்றப் போன இடத்தில் நர்ஸ் சொன்னார். “ஆறிட்டு வருது. அடுத்த வாரம் கட்ட அவுத்துறலாம்.” அம்மா வருகிற வழியெல்லாம் பஸ் ஜன்னலையே பார்த்துக்கொண்டு வந்தாள். நான் மடியில் படுத்திருந்தேன். அவள் விரல் விட்டு நாள் எண்ணிக்கொண்டிருந்தாள்.

அன்று சாயங்காலம் பெரியம்மா பார்க்க வந்தார். அம்மா கட்டிலோரம் உட்கார்ந்து அப்பாவுக்கு ஊட்டிக்கொண்டிருந்தாள்.

“என்ன கொழுந்தனாரே, மறுபடி மாப்ள விருந்தா? பொண்டாட்டி உருண்ட புடிச்சு ஊட்டுறா!”

“மாப்ளக்கி மீச மட்டும் நரச்சுப் போச்சுக்கா” என்றாள் அம்மா.

பெரியம்மா விழுந்து விழுந்து சிரித்தார். அம்மாவும் சிரித்தாள். நானும் சிரித்தேன். அப்பா சிரிக்கவில்லை. பெரியம்மா வேலியைத் தாண்டிப் போகும்வரை வாயில் இருந்த சோற்றை விழுங்காமலே வைத்திருந்தார். பிறகு அதை அம்மாவின் முகத்தில் துப்பினார். துப்பிய வேகத்தில் உதைத்தார்.

உதை அம்மாவின் நெஞ்சில் விழுந்தது. தட்டு பறந்து சுவரில் அடித்தது. அவள் மல்லாந்து விழுந்ததில் அம்மிக்கல் தலையில் பட்டுத் தையல் போட்ட இடம் மறுபடி பிளந்தது. அவர் கட்டிலை விட்டு இறங்கி மறுபடி உதைத்தார், விலாவில். மறுபடி, வயிற்றில். கட்டுப்போட்ட இரண்டு கைகளையும் பத்திரமாக மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டு, காலால் மட்டும் உதைத்துக்கொண்டே இருந்தார்.

கரியூர்க்காரர்களுக்கு நான் காலை விட்டுவைத்திருந்தேன். அந்த நிமிஷம்தான் அது எனக்குத் தெரிந்தது. அவர்கள் எல்லாரும் என் தலைக்குள் திரும்பி ஒருவரை ஒருவர் உதைக்கத் தொடங்கினார்கள். அந்த ஊர் அத்தோடு முடிந்தது. பிறகு எத்தனையோ முறை முயன்றும் என்னால் அங்கே போக முடியவில்லை.

நான் இடையில் போய் நின்றேன்.

“மூட்டத்தத் தோண்டுனது நான்தான்.”

அப்பா நின்றார்.

“கடப்பாறையால நான்தான் குத்துனேன். அம்மாவ ஒதச்சா இன்னொரு மூட்டத்தையும் குத்துவேன். நீங்க போடுற எல்லாத்தையும் குத்துவேன்.”

அவர் அதுவரை என்னை அடித்ததே இல்லை. அந்த உதை என் தோளில் விழுந்தது. நிலைப்படியில் மோதினேன். காறையெலும்பு முறியும் சத்தம் எனக்கு உள்ளிருந்து கேட்டது. இன்றும் அந்த இடத்தில் தொட்டுப் பார்த்தால் ஒரு முடிச்சு இருக்கும்.

அம்மா எப்போது எழுந்தாள் என்று நான் பார்க்கவில்லை. கையில் கருவைக்கட்டை இருந்தது, அடுப்புக்கு வைத்திருந்தது. முழங்காலுக்குக் கீழே ஓங்கி அடித்தாள். அப்பா சாய்ந்தார். விழுந்தவரின் அதே காலில் இன்னொரு அடி. பிறகு கட்டையைத் தலைக்கு நேராகத் தூக்கினாள். அப்பா கைகளைத் தூக்கி மறைத்தார். வெள்ளைக் கட்டுகள் இரண்டும் முகத்துக்கு முன்னால் நின்றன. அம்மா அப்படியே நின்றாள். என்னைத் திரும்பிப் பார்த்தாள். கட்டையை வாசலில் வீசி எறிந்தாள்.

ஏன் நிறுத்தினாய் என்று நான் கல்லூரி படிக்கும்போது கேட்டேன். “நான் ஜெயிலுக்குப் போயிட்டா ஒன்ன யாரு பள்ளிக்கூடம் அனுப்புவா?” என்றாள். மற்றபடி நிறுத்த அவளுக்கு வேறு காரணம் இருக்கவில்லை.

விடிந்ததும் அம்மா கஞ்சி காய்ச்சி அப்பாவுக்கு ஊட்டினாள். ஒரு வார்த்தை பேசவில்லை. காலில் வீக்கம் இருந்தது. எலும்பு முறியவில்லை. வேட்டியை இறுக்கிக் கட்டிவிட்டாள். பிறகு பையில் என் புத்தகங்களையும் தன் சேலைகளையும் வைத்தாள். என் கையைத் துண்டால் கழுத்தோடு கட்டித் தொங்கவிட்டாள். பெரியம்மா வேலி ஓரத்தில் மறித்தார்.

“கை இல்லாத மனுசன விட்டுட்டுப் போறியேடி. ஊரு என்ன சொல்லும்?”

“கை இல்லாததுனாலதான்க்கா போக முடியுது. அடுத்த வாரம் கட்டு அவுத்துருவாக. அப்புறம் எங்கிட்டுப் போவேன்?”

“புருசனுக்கு முடியாத நேரத்துல…”

“ஒங்க கொழுந்தன்தான? நீங்க ஊட்டுங்க. கால மட்டும் பாத்துக்கங்க.”

பெரியம்மா வழிவிட்டார். நாங்கள் ரோட்டுக்கு வந்துவிட்ட பிறகு பின்னாலேயே ஓடிவந்து, ஒரு தூக்குவாளியில் புளிச்சோற்றை அம்மாவின் கையில் திணித்தார். திரும்பிப் போய்விட்டார்.

அருப்புக்கோட்டையில் முதலில் ஆஸ்பத்திரிக்குப் போய் என் எலும்பைக் கட்டினோம். பிறகு விசைத்தறிக் கொட்டகை ஒன்றின் பின்னால் ஒற்றை அறை கிடைத்தது. வீட்டுக்காரம்மா வாசலில் நின்று அம்மாவின் தலைக்கட்டையும் என் தோள்கட்டையும் பார்த்தார்.

“ஆம்பள இல்லாம வீடு குடுக்க மாட்டோமே.”

“இருந்துதான் இப்படி வந்திருக்கோம்” என்றாள் அம்மா.

அந்த அம்மாள் இன்னும் ஒருமுறை எங்களைப் பார்த்துவிட்டுச் சாவியைக் கொடுத்தார்.

அம்மா நூல் மில்லில் வேலைக்குச் சேர்ந்தாள். ஷிப்டு முடிந்து வந்தால் தலைமுடி முழுக்கப் பஞ்சு ஒட்டியிருக்கும். நான் ஆறாம் வகுப்பில் சேர்ந்தேன். தறிச் சத்தத்தில் பக்கத்தில் இருப்பவர் பேசுவதே கேட்காது. அந்தச் சத்தத்துக்குள் உட்கார்ந்துதான் நான் படித்தேன், பள்ளியில் முதலாவதாக வந்தேன், இளங்கலை, முதுகலைப் பட்டங்கள் வாங்கினேன். இதைச் சொல்ல எனக்குக் கூச்சம் கிடையாது.

அப்பா வருவார் என்று இருவருக்கும் தெரியும். மழைக்காலம் தொடங்கியபோது ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தார். பெரியப்பா தெருமுனையிலேயே நின்றுகொண்டார். அப்பா சலவைச் சட்டை போட்டிருந்தார். கால் லேசாக இழுத்தது. கட்டு இல்லை. கைகளின் தோல் ரோஸ் நிறத்தில் பளபளவென்று, புதிதாகப் பிறந்த எலிக்குஞ்சுபோல இருந்தது. அந்த இரண்டு கைகளையும் சேர்த்து அம்மாவைக் கும்பிட்டார்.

“வா புள்ள, போவோம். குடிய விட்டுட்டேன். சத்தியமா விட்டுட்டேன்.”

தெருவில் தலைகள் எட்டிப் பார்த்தன. அம்மா அவர் முகத்தைப் பார்க்கவில்லை. கைகளையே பார்த்தாள். ஒரு டாக்டர் பார்க்கிறமாதிரி, முன்னும் பின்னும், விரல் விரலாகப் பார்த்தாள். விரல்கள் மடங்கின, நீண்டன. எல்லாம் வேலை செய்தன.

“நல்லா ஆறிருச்சு” என்றாள். “இனி நீங்களே சாப்புட்டுக்கிறலாம்.”

உள்ளே வந்து கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாளை நான் போட்டேன். பிறகு கதவில் அடி விழுந்தது. வெறும் உள்ளங்கையால், மாற்றி மாற்றி இரண்டு கையாலும். கதவு அதிர்ந்தது, சுவரில் இருந்த காலண்டர் ஆடியது. கெட்ட வார்த்தைகள் வந்தன. நாங்கள் இருவரும் முதுகைக் கதவில் கொடுத்து உட்கார்ந்தோம். ஒவ்வொரு அடியும் பலகை வழியாக எங்கள் முதுகில் இறங்கியது. வலிக்கவில்லை. வீட்டுக்காரம்மா கொட்டகையில் இருந்து ஆட்களைக் கூப்பிடுகிற சத்தம் கேட்டது. “ஏலே, வாங்கடா இங்கிட்டு!” அடி நின்றது. இழுத்து நடக்கிற செருப்புச் சத்தம் தெருவில் தூரப் போனது.

அம்மா எழுந்து முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். “இந்தக் கதவுப் பலக கொஞ்சம் லேசா இருக்கு,” என்றாள். “நாளைக்கு ஒரு இரும்புப் பட்ட அடிக்கச் சொல்லணும்.”